செவ்வாய்ப்பேட்டைக் கொலுசுக் கடை: யார் கையால் செய்தது?

தங்கை மகளின் காதணி விழாவுக்காகச் சேலம் செவ்வாய்ப்பேட்டையில், முன்புறம் கடையும் பின்புறம் பட்டறையுமாக இயங்கும் ஓரிடத்தில் சென்ற மாதம் வெள்ளிக் கொலுசு வாங்கினோம். பற்றவைப்பு சீராக இருக்கிறது. திருகு இறுக்கமாக நிற்கிறது. எடையையும் செய்கூலியையும் ரசீதில் தனித்தனியே எழுதித் தந்தார்கள். பொருளில் குறை ஏதுமில்லை.

என்னுடன் எட்டாம் வகுப்பு வரை படித்த நண்பன், கோடை விடுமுறையில் பட்டறை வேலைக்குப் போனவன், பிறகு பள்ளிக்குத் திரும்பவே இல்லை. அதனால் எந்தக் கொலுசுக் கடைக்குப் போனாலும் வேலை செய்பவர்களின் வயதைக் கேட்டுவிடுவேன். இந்தக் கடைக்காரர் முகம் சுளிக்காமல் பட்டறைக்குள் அழைத்துச் சென்றார். நெருப்பும் அமிலமும் புழங்கும் அந்த அறையில் 18 வயது நிரம்பாத எவரையும் அவர் அமர்த்துவதில்லை. பள்ளி மாற்றுச் சான்றிதழில் பிறந்த தேதியைப் பார்த்த பிறகே வேலை கொடுக்கிறார். 1986ஆம் ஆண்டின் குழந்தைத் தொழிலாளர் சட்டம், 2016இல் திருத்தப்பட்ட பின், 14 வயது நிறையாதவர்களை எந்தத் தொழிலிலும், 14 முதல் 18 வயது வரையுள்ளவர்களை ஆபத்தான தொழில்களிலும் அமர்த்தக் கூடாது என்கிறது. குழந்தையை வேலைக்கு வைப்பவருக்கு 6 மாதம் முதல் 2 ஆண்டு வரை சிறையோ, 20,000 முதல் 50,000 ரூபாய் வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கலாம்.

எனக்கு நிறைவு தராதது வேறொன்று. சலங்கை கோர்க்கும் வேலையை அவர் அக்கம்பக்கத்து வீடுகளுக்குத் துண்டுக்கூலிக்குக் கொடுத்தனுப்புகிறார். அங்கே கோர்ப்பது யார் என்று கேட்டதற்கு, "அது அவங்கவங்க வீட்டு விஷயமுங்க" என்றார். பள்ளி நேரம் முடிந்த பின்பும் விடுமுறையிலும் பிள்ளைகள், ஆபத்தில்லாத குடும்பத் தொழிலில் பெற்றோருக்கு உதவலாம் என்று அதே சட்டம் விலக்கு அளிக்கிறது என்பது உண்மைதான். ஆனால் எண்ணிக்கைக்கு ஏற்ற கூலி என்னும்போது வீட்டிலுள்ள சின்ன விரல்களும் அதில் இறங்கிவிடுகின்றன. இரவு பத்து மணி வரை சலங்கை கோர்த்த பிள்ளை மறுநாள் வகுப்பில் எப்படி விழித்திருக்கும்? இலவசக் கட்டாயக் கல்வியை உறுதிசெய்யும் 2009ஆம் ஆண்டுச் சட்டமும் 6 முதல் 14 வயது வரைதான் துணை நிற்கிறது. ஒன்பதாம் வகுப்பில் கால் வைக்கும் வயதில், கூலியின் இழுப்பைத் தடுத்து நிறுத்த வீட்டாரின் மனம் ஒன்றே மிஞ்சுகிறது.

பட்டறைக்குள் கடைப்பிடிக்கும் ஒழுங்குக்காக இந்தக் கடைக்கு மீண்டும் போவேன். வீடுகளுக்குப் போகும் அந்தச் சலங்கைப் பைகளைப் பற்றி அப்போதும் கேட்பேன்.