ஃபார்மட் செய்யாமல் பழுது நீக்கிய திருப்பூர் கடை

திருப்பூர் குமரன் சாலையை ஒட்டிய சந்து ஒன்றில் இருக்கும் சிறிய கம்ப்யூட்டர் சர்வீஸ் கடையைப் பற்றிய மதிப்புரை இது. எந்தக் கோளாறு என்றாலும் முதல் பேச்சிலேயே ஃபார்மட் (கணினியில் உள்ளதை அழித்துவிட்டு விண்டோஸைப் புதிதாகப் போடுவது) என்று சொல்லும் வழக்கம் பரவிவிட்ட நிலையில், எந்தக் கோப்பு இல்லை, அது எந்தத் தொகுப்பைச் சேர்ந்தது, எங்கிருந்து வர வேண்டும் என்று பார்த்து வேலை செய்யும் இடம் ஒன்று இருப்பதைப் பனியன் தொழிலில் உள்ளவர்கள் தெரிந்துகொள்ள வேண்டும் என்பதற்காகவே எழுதுகிறேன்.

எங்கள் எம்ப்ராய்டரி யூனிட்டில் டிசைன் போடும் மென்பொருள் பழைய 32 பிட் வகை, அதாவது இப்போதைய 64 பிட் கணினிகளுக்கு முந்தைய தலைமுறைக்கு எழுதப்பட்டது. புதிய கணினியில் அதை நிறுவித் திறந்தபோது, ‘விசிரன்டைம்140.டிஎல்எல்’ என்ற கோப்பு கிடைக்கவில்லை என்ற அறிவிப்போடு நின்றுவிட்டது. முதலில் வந்து பார்த்த வேறொரு சர்வீஸ்காரர், அதே பெயருள்ள கோப்பை ஏதோ ஓர் இணையதளத்திலிருந்து இறக்கி, மென்பொருளின் ஃபோல்டருக்குள் போட்டார். அதன்பின் வேறோர் அறிவிப்பு வந்ததே தவிர மென்பொருள் திறக்கவில்லை. அடுத்து அவர் சொன்ன வழி ஃபார்மட்தான். ஆர்டர் ஓடிக்கொண்டிருக்கும்போது அதற்கு நாங்கள் ஒப்பவில்லை.

குமரன் சாலைக் கடைக்காரர் முதலில் செய்தது, விண்டோஸின் இரண்டு ஃபோல்டர்களைத் திரையில் பக்கத்தில் பக்கத்தில் திறந்து வைத்ததுதான். ஒன்று சிஸ்டம்32, மற்றொன்று சிஸ்வவ்64. பெயரைப் பார்த்தால் நேர்மாறாகத் தோன்றும். ஆனால் 64 பிட் விண்டோஸில் 64 பிட் கோப்புகள் சிஸ்டம்32-இலும், 32 பிட் கோப்புகள் சிஸ்வவ்64-இலும் இருக்கின்றன. பழைய 32 பிட் மென்பொருள் சிஸ்டம்32-ஐக் கேட்டாலும் விண்டோஸ் அதைத் தானாகவே சிஸ்வவ்64-க்குத் திருப்பிவிடும். எங்கள் கணினியில் முதல் ஃபோல்டரில் அந்தக் கோப்பு இருந்தது, இரண்டாவதில் இல்லை. “இந்தப் பக்கம் இருக்குதுங்க, உங்க சாஃப்ட்வேர் தேடற பக்கம் இல்லீங்க” என்று அவர் விரலை வைத்துக் காட்டியபோதே பாதிக் குழப்பம் தீர்ந்தது.

டி.எல்.எல். என்பவை பல மென்பொருள்கள் பொதுவாகப் பயன்படுத்தும் கோப்புகள். நம் ஊரில் ஒரே சாயப்பட்டறைக்குப் பல கம்பெனிகள் துணி அனுப்புவதைப் போல, ஒவ்வொரு மென்பொருளும் தனக்கென எழுதி வைக்காமல் பொது வேலைகளை இவற்றிடம் விடுகின்றன. விண்டோஸ் 95, 98 காலத்தில் புதிதாக நிறுவிய ஒரு மென்பொருள் தன்னிடமிருந்த பழைய பதிப்பை இவற்றின்மேல் எழுதிவிட்டு, நன்றாக ஓடிய மற்றொன்றைக் கெடுத்துவிடுவது சாதாரணம். விண்டோஸ் 2000-இல்தான் விண்டோஸின் சொந்தக் கோப்புகளுக்குப் பாதுகாப்பு வந்தது. பின்னால் வந்த விண்டோஸ் விஸ்டாவில் அது இன்னும் இறுகியது.

வேலை முடிந்த விதமும் தெளிவாக இருந்தது. முந்தைய சர்வீஸ்காரர் போட்ட கோப்பை அவர் முதலில் நீக்கினார். எந்த மென்பொருளும் தன் சொந்த ஃபோல்டரில்தான் முதலில் தேடும் என்பதால், அது அங்கே கிடக்கும்வரை சரியான கோப்பு வந்தாலும் பயனில்லை. மேலும் அது 64 பிட் கோப்பு. 32 பிட் மென்பொருளால் அதை ஏற்றவே முடியாது. “நெட்ல எடுத்துப் போடற ஃபைலுக்குள்ள என்ன இருக்குதுன்னு ஆருக்குங்க தெரியும்?” என்று அவர் கேட்டது நியாயமான கேள்வி. பிறகு மைக்ரோசாஃப்டின் தளத்திலிருந்தே அந்தக் கோப்பு அடங்கிய விஷுவல் சி பிளஸ் பிளஸ் தொகுப்பின் 32 பிட் பதிப்பை இறக்கி நிறுவினார். 2015 முதல் 2022 வரையிலான பதிப்புகளுக்கு ஒரே தொகுப்பு போதும். ஆனால் 32 பிட்டுக்கும் 64 பிட்டுக்கும் தனித்தனியாக நிறுவ வேண்டும். மென்பொருள் உடனே திறந்தது, பழைய டிசைன்கள் அனைத்தும் அப்படியே இருந்தன.

அதோடு விடாமல், விண்டோஸின் சொந்தக் கோப்புகளையும் சோதித்தார். முதலில் விண்டோஸோடு வரும் டிஸ்ம் கட்டளையால் அந்தக் கோப்புகளின் மூலப் பிரதிகள் இருக்கும் கிடங்கைச் சரிபார்த்துவிட்டு, அதன்பின் கெட்டுப்போன கோப்புகளைக் கண்டுபிடித்து மாற்றும் எஸ்.எஃப்.சி. ஸ்கேனை ஓட்டினார். இந்த வரிசை முக்கியம். கெட்டுப்போன கோப்புக்கு மாற்றை எஸ்.எஃப்.சி. அந்தக் கிடங்கிலிருந்துதான் எடுக்கிறது. எங்களுக்கு வந்த கோளாறை இந்தச் சோதனையால் தீர்த்திருக்க முடியாது, ஏனெனில் காணாமற்போன கோப்பு விண்டோஸுக்கு உரியதன்று, தனித்தொகுப்பில் வருவது. அதை அவரே முன்கூட்டிச் சொன்னது எனக்குப் பிடித்தது.

கூலி 450 ரூபாய். ஃபார்மட்டுக்குக் கேட்கும் தொகையைவிட இது குறைவு. குறை என்றால், கடையில் ஆள் ஒருவரே என்பதால் மாலை வேளைகளில் காத்திருக்க நேரும். கம்பெனிக்கு நேரில் வந்து பார்க்கவும் அவருக்கு இயலாது, கணினியை நாம்தான் எடுத்துச் செல்ல வேண்டும். பில்லில் ‘சாஃப்ட்வேர் சர்வீஸ்’ என்று மட்டும் எழுதித் தருகிறார். நிறுவிய தொகுப்பின் பெயரையும் 32 பிட்டா 64 பிட்டா என்பதையும் அதிலேயே குறித்துக் கொடுத்தால், அடுத்த கணினி வாங்கும்போது எங்கள் பையன்களே அதைப் பார்த்து நிறுவிக்கொள்வார்கள்.