ஒரே கித்தானில் ஐந்து சகோதரிகள்: கென் குடும்ப ஓவியங்கள்

தென் ஆஸ்திரேலியாவின் வடமேற்குக் கோடியில், செம்மண் பாலைநிலத்தில் இருக்கும் சிற்றூர் அமாட்டா. அவ்வூரின் ஆஸ்திரேலியப் பழங்குடியினரான கென் குடும்பத்துச் சகோதரிகள் டியுங்கரா கென், சாண்ட்ரா கென், யாரிட்ஜி யங், ஃபிரீடா பிரேடி, மரிங்கா டங்கின் ஆகிய ஐவரும் ஒன்றுகூடி வரைந்த 'ஏழு சகோதரிகள்' என்னும் ஓவியம், 2016இல் நிலக்காட்சி ஓவியத்துக்குப் புகழ்பெற்ற வின் பரிசை வென்றது. சிட்னியில் நியூ சவுத் வேல்ஸ் கலைக்கூடத்தில் அதைக் கண்ட நாள்முதல் இக்குடும்பத்தின் படைப்புகளைத் தேடித் தேடிப் பார்த்து வருகிறேன்.

இவர்களின் கூட்டு ஓவியத்தைத் தள்ளி நின்று பார்த்தால், வெயிலில் நிலம் அலையடிப்பது போல முழுப் பரப்பும் ஒன்றாக அசைகிறது. அருகில் சென்றால்தான் கைகள் வேறு வேறு என்பது புரியும். ஓரிடத்தில் கடுகளவுப் புள்ளிகள் ஒரே சீராக வரிசை கட்டி நிற்க, அதன் பக்கத்திலேயே தூரிகை நிறைய வண்ணம் எடுத்து அழுத்தி வைத்த புள்ளிகள், விரலால் தடவலாம் போலப் புடைத்து நிற்கின்றன. ஆனால் ஒருவர் கை எங்கே நின்றது, அடுத்தவர் கை எங்கே தொடங்கியது என்று தேடினால் தையல் அகப்படுவதில்லை. ஒரே கதையைச் சிறுவயதிலிருந்து சேர்ந்தே கேட்டு வளர்ந்தவர்களுக்குத்தான் இது கைகூடும் என்று நினைக்கிறேன். இவர்களின் தாயும் தந்தையும்கூட ஓவியர்களே.

அந்தக் கதை குங்கரங்கல்பா, அதாவது ஏழு சகோதரிகள். வாட்டி நியீரு என்னும் ஆண் ஏழு சகோதரிகளைத் துரத்துகிறான். அவர்கள் பாலைநிலமெங்கும் தப்பி ஓடி, இறுதியில் வானேறி விண்மீன்களாகிறார்கள். நாம் கார்த்திகை என்றும் அறுமீன் என்றும் அழைக்கும் அதே கூட்டம்தான். நம் கணக்கில் ஆறு பெண்கள், அவர்கள் கணக்கில் ஏழு. அவர்கள் ஓடிய வழியிலுள்ள நீர்நிலையும் பாறையும் கதையின் பகுதிகள் என்பதால், ஓவியம் கதையாகவும் நிலப்படமாகவும் ஒருங்கே அமைகிறது. கதையில் வெளியாருக்குச் சொல்லக்கூடாத பகுதிகளும் உண்டு. ஆகவே ஓவியத்துக்கான விளக்கக் குறிப்பு சுருக்கமாக இருப்பதைக் குறையாகக் கொள்ளலாகாது.

இச்சகோதரிகள் அமர்ந்து வரையும் கலை மையம் 1997இல் அவ்வூர்ப் பெண்களால் 'மினிமாக்கு', அதாவது அவர்களின் பிட்ஜன்ட்ஜட்ஜாரா மொழியில் 'பெண்களுடையது', என்ற பெயரில் தொடங்கப்பட்டது. பின்னர் தேனெறும்பைக் குறிக்கும் ட்ஜாலா என்ற பெயரை ஏற்றது. மையம் ஓவியர்களுக்கே உரிமையானது. சகோதரிகளுள் ஒருவர் தனியாக வரைந்த சிறிய ஓவியமொன்றை நான் வாங்கியபோது, ஓவியரின் பெயர், பட்டியல் எண், கதைச் சுருக்கம் ஆகியவை கொண்ட சான்றிதழும் உடன் வந்தது. முன்பு ஒரு சுற்றுலா அங்காடியில் புள்ளி வரைந்த பூமராங் ஒன்றை வாங்கிவிட்டு, வரைந்தவர் யார் என்று கேட்டேன், கடைக்காரருக்கே தெரியவில்லை. பெயரில்லாத அந்தப் பொருளை இன்றுவரை மனம் ஒப்பி எவருக்கும் காட்டியதில்லை. ஆகவே சான்றிதழைக் கேட்டு வாங்குங்கள், பத்திரப்படுத்துங்கள். 2010 முதல் நடைமுறையிலுள்ள ஆஸ்திரேலியச் சட்டப்படி, ஓவியம் கலைச்சந்தை வழியாக 1000 டாலர் அல்லது அதற்கு மேல் மறுவிற்பனையானால் 5 விழுக்காடு ஓவியருக்குச் சேர வேண்டும். வரைந்தவர் இன்னார் என்று தெரியாவிட்டால் அந்தப் பங்கை யாருக்குக் கொடுப்பது?

விலை குறைவன்று. கூட்டு ஓவியங்கள் பெரும்பாலும் வீட்டுச் சுவருக்கு அடங்காத அளவில் இருப்பதும் என் போன்றோருக்கு வருத்தமே. திரையில் மட்டும் பார்த்து முடிவு செய்ய வேண்டாம். அந்தச் சிவப்பும் செம்மஞ்சளும் படத்தில் பாதி உயிரை இழந்துவிடுகின்றன.

நான் வாங்கிய ஓவியம் லினன் துணிச் சுருளாக வந்ததால் சட்டமிடக் கொடுத்தேன். சட்டமிட்டவர் ஓரப் புள்ளிகள் ஒரு வரிசையைப் பின்பக்கம் மடித்து ஆணியடித்துவிட்டார். அவிழ்த்து மீண்டும் இழுத்துக் கட்ட வேண்டியதாயிற்று. ஓரம் மடியக்கூடாது என்று முன்னதாகவே சொல்லிவிடுங்கள். இவ்வோவியங்கள் தரையில் விரித்து, சுற்றிலும் அமர்ந்து, மேலிருந்து நிலத்தைக் காண்பதாக வரையப்படுவதால் மேற்புறம் எது என்பதும் எளிதில் விளங்காது. நான் என் ஓவியத்தை ஆறு மாதம் நெடுக்காக மாட்டியிருந்தேன். இப்போது கிடையாகத் திருப்பியிருக்கிறேன், நீர்நிலை வட்டங்கள் சன்னலோரம் வந்திருக்கின்றன.