'தனுஷ்கோடிப் புயல்' காட்சி விற்பவரிடம் ஏமாறாதீர்கள்

பழைய செய்திப்படக் காட்சிகளைத் தேடித் தருவதாகச் சொல்லிச் சென்னையில் ஒருவர் தொழில் நடத்துகிறார். பெயர் வேண்டாம். 1964 டிசம்பர் தனுஷ்கோடிப் புயலைப் பற்றி யார் ஆவணப்படம் எடுத்தாலும் மோப்பம் பிடித்து வந்துவிடுகிறார் என்பதால் எழுதுகிறேன்.

நாங்கள் அப்படி ஒரு படம் எடுத்தபோது எங்களிடமும் வந்து, "எங்கள் தாத்தா எடுத்தது சார், வேறு யாரிடமும் கிடையாது" என்றார். மாதிரிக்கு அனுப்பிய துண்டு சிறியதாகவும் மங்கலாகவும் இருந்தது. 40,000 ரூபாய் முன்பணம் வாங்கிக்கொண்டு, எங்களுக்கே தனி உரிமை என்று முத்திரைத்தாளில் எழுதியும் கொடுத்தார்.

முழு அளவுக் கோப்பு வந்ததும் எங்கள் எடிட்டரின் கண் வலது கீழ் மூலைக்குப் போனது. தண்ணீர் ஓடுகிறது, ஆட்கள் நடக்கிறார்கள். அந்த மூலை மட்டும் எண்ணெய்க் கை பட்ட கண்ணாடி போலக் குழம்பிக் கிடக்கிறது. யாருடைய வாட்டர்மார்க்கையோ (காட்சியின் மேல் உரிமையாளர் பதிக்கும் அடையாளம்) அழித்த தடம். சற்றுத் தள்ளி, அரிசி மூட்டை இறக்கும் இடத்தில் ஒரு ஜீப். அதன் பக்கவாட்டில் 'தமிழ்நாடு அரசு' என்று எழுதியிருக்கிறது. சென்னை மாநிலத்துக்கு அந்தப் பெயர் வந்ததே 1969-இல்தான்! 1977 நாகப்பட்டினம் புயலாக இருக்கலாம், வேறு ஏதாவது வெள்ளமாகவும் இருக்கலாம்.

"புயல் புயல்தானே சார், யார் கண்டுபிடிக்கப் போகிறார்கள்?" என்றார் அந்த மனிதர். வயிறு எரிந்தது. பதிப்புரிமைச் சட்டப்படி ஒரு படத்துக்குப் பாதுகாப்பு, அது வெளியான ஆண்டு முடிந்த பிறகு 60 ஆண்டுகள். 1964-இல் வெளியானது என்றால் 2024 முடிவோடு உரிமை தீர்ந்தது; அதற்குத் தனி உரிமை விற்பதே பித்தலாட்டம். 1977 என்றால் 2037 முடியும்வரை அது வேறொருவர் சொத்து. ஒளிபரப்பான பின் உரியவர் வழக்குப் போட்டால் நாங்கள்தான் பதில் சொல்ல வேண்டும்.

பணத்தைத் திருப்பிக் கேட்டோம். இன்னும் கொஞ்சம் கொடுத்தால் பாம்பன்–தனுஷ்கோடி பாசஞ்சர் கடலில் மூழ்கும் காட்சியையே தருவதாகச் சொன்னார்! அந்த ரயில் போனது இரவில், கொட்டும் புயலில். அந்தக் கும்மிருட்டில் கேமராவோடு நின்றது எந்தத் தாத்தாவோ? இப்போது தொலைபேசியை எடுப்பதில்லை. வக்கீல் நோட்டீஸ் போயிருக்கிறது.

இத்தகைய காட்சிகள் தேவைப்படுவோர் நேராகவே கேட்கலாம். மத்திய அரசுக்காகச் செய்திப்படங்கள் எடுத்த மும்பை பிலிம்ஸ் டிவிஷனும் புனே திரைப்பட ஆவணக் காப்பகமும் 2022-இல் தேசிய திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்கப்பட்டுவிட்டன. அந்தக் கழகத்துக்கு எழுதிப் போட்டுக் காத்திருக்க வேண்டும். ஆனால் கொடுத்த பணத்துக்கு ரசீது உண்டு. தரகர் வழியாகத்தான் என்றால், சுருள் டப்பாவின் புகைப்படம், அதில் ஒட்டிய சீட்டு, எங்கே ஸ்கேன் செய்தார்கள் என்ற விவரம் எல்லாம் கைக்கு வரும்வரை ஒரு ரூபாயும் நீட்டாதீர்கள்.

அந்த ஜீப் வரும் காட்சி வேறு தலைப்பில் யாருக்காவது விற்கப்பட்டிருந்தால் எனக்குத் தெரிவியுங்கள். வழக்குக்கு உதவும்.