ஜோ ஹிசாயிஷியின் ‘அ சிம்ஃபோனிக் செலிப்ரேஷன்’: இசைத்தொகுப்பு விமர்சனம்

ஜப்பானிய இயக்குநர் ஹயாவோ மியாசாகியின் அசைபடங்களுக்குத் தாம் அமைத்த இசையை, லண்டனின் ராயல் ஃபில்ஹார்மோனிக் இசைக்குழுவைத் தாமே நடத்தி ஜோ ஹிசாயிஷி மறுபதிவு செய்திருக்கும் தொகுப்பு இது. டாய்ச்சே கிராமோஃபோன் நிறுவனம் 2023 ஜூனில் வெளியிட்டது. 1984இல் வந்த ‘நௌசிகா’ முதல் 2013இல் வந்த ‘தி விண்ட் ரைசஸ்’ வரை பத்துப் படங்களின் இசை இதில் உள்ளது. மியாசாகியின் அசைபட நிறுவனமான கிப்லியின் படங்களின் இசை என்று அட்டை சொன்னாலும், அந்த நிறுவனம் 1985இல்தான் தொடங்கப்பட்டது என்பதால் ‘நௌசிகா’ அதற்கு மூத்தது.

முதலில் கேட்க வேண்டியது ‘ஹவுல்ஸ் மூவிங் காஸில்’ பகுதி. சூனியத்தால் கிழவியாகிவிடும் அதன் நாயகியின் தோற்றமும் வயதும் காட்சிக்குக் காட்சி மாறுவதால், அவள் ஒருத்திதான் என்று பார்ப்பவருக்கு உணர்த்த ஒரே மெட்டு படம் முழுவதும் வர வேண்டும் என மியாசாகி கேட்டார். அதற்காகப் பிறந்த வால்ட்ஸ் என்னும் மூன்று தட்டு நடன மெட்டு, பியானோவில் தயங்கித் தொடங்கி, முழு இசைக்குழுவும் சேர்ந்து சுழலும்போதும் தன் அடிப்படைச் சோகத்தை இழப்பதில்லை. பெரிய இசைக்குழு இந்த மெட்டுக்கு அப்படியே பொருந்துகிறது.

‘நௌசிகா’வுக்கு அது பொருந்தவில்லை என்பதே என் குறை. 1950இல் நாகானோவில் மமோரு புஜிசாவாவாகப் பிறந்து, அமெரிக்க இசைக்கலைஞர் குவின்சி ஜோன்ஸின் பெயரை ஜப்பானிய எழுத்தில் வளைத்துத் தமக்குப் பெயர் சூட்டிக்கொண்ட ஹிசாயிஷி, இளமையில் சிறு இசைத்துணுக்குகளைத் திரும்பத் திரும்ப அடுக்கும் மினிமலிச இசையில் ஊறியவர். மின்னணு இசைக்கருவியான சின்தசைசரை விரும்பிக் கையாண்டவர். படம் வெளிவருவதற்கு முந்தைய ஆண்டே, கதையின் உணர்வை மட்டும் கொண்டு ஒரு முன்னோட்ட இசைத்தட்டை அமைத்தார். அந்த வாய்ப்பே அவருடைய வாழ்க்கையைத் திருப்பியது. அன்றைய சின்தசைசரின் வறண்ட, விநோதமான ஒலிதான் அந்தப் படத்தில் வரும் நச்சுக்காட்டின் அந்நியத்தை நமக்குக் காட்டியது. இங்கே வயலின்கள் அந்தக் காட்டை அழகாக்கிவிடுகின்றன. அந்த அழகு அங்கே வேண்டாதது.

‘டோட்டோரோ’வைக் குழந்தைகளோடு கேட்கலாம், அதைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. ‘ஸ்பிரிட்டட் அவே’யின் தொடக்கப் பியானோ மெட்டு மட்டும், எத்தனை முறை கேட்டாலும், புதிய ஊருக்குக் குடிபெயரும் குழந்தையின் மனநிலையை உடனே எழுப்பிவிடுகிறது.

மெட்டுகளை மட்டும் நாடுவோர் தயங்காமல் வாங்கலாம். தொகுப்பு வெளிவந்த அடுத்த மாதமே திரைக்கு வந்த ‘தி பாய் அண்ட் தி ஹெரான்’ இதில் இல்லை. பெரும் மெட்டுகளைத் தவிர்த்து, சிக்கனமான பியானோ ஒலிகளால் மினிமலிசத்துக்குத் திரும்பிய அந்த இசையைத் தனியே வாங்கி இதன் அருகில் வைத்துக்கொண்டால்தான், இந்தத் தொகுப்பு மறைக்கும் ஹிசாயிஷியையும் கேட்க முடியும்.