ஐஐஎஸ் 'மெஷின் கீ' பக்கம்: சாவி செய்து தரும், பூட்டி வைக்காது

கும்பகோணத்துப் பாத்திரக்கடை பில்லிங், மன்னார்குடி அரிசி ஆலைக் கணக்கு என்று ஏஎஸ்பி.நெட் வெப் ஃபார்ம்ஸ் என்ற மைக்ரோசாஃப்டின் பழைய வெப் கட்டமைப்பில் எழுதிய ஆப்பைப் பராமரிப்பவர்களுக்கு, மைக்ரோசாஃப்டின் வெப் சர்வரான ஐஐஎஸ்ஸில் உள்ள 'மெஷின் கீ' பக்கத்தின் மதிப்பீடு இது.

40 கிலோ நெல் மூட்டையின் விலை வியூஸ்டேட்டில் (பக்கத்தின் நிலையைச் சுமக்கும் மறைவான புலம்) பிரவுசருக்குப் போய்த் திரும்பி வருகிறது என்று வையுங்கள். நடுவில் யாராவது அதைத் திருத்தினால் காட்டிக்கொடுப்பது வேலிடேஷன் கீ. மறைப்பது அதன் வேலை இல்லை. பழைய ஆப்பில் வியூஸ்டேட் பெரும்பாலும் வெறும் பேஸ்64 (பூட்டாத எழுத்து வடிவம்), யாரும் பிரித்துப் படிக்கலாம். மறைப்பதற்கு டிகிரிப்ஷன் கீ என்று இன்னொரு சாவி உண்டு.

ஐஐஎஸ் மேனேஜரில் சைட்டைத் தேர்ந்து 'மெஷின் கீ' திறந்தால், இரண்டு சாவிக்கும் 'ஆட்டோமேட்டிக்' டிக் இருக்கும். ஒரே சர்வர் என்றால் பெரும்பாலும் தொந்தரவில்லை. தஞ்சாவூரில் ஒன்று, சென்னையில் ஒன்று என இரண்டு சர்வர் வைத்தால் ஒவ்வொன்றும் தனித்தனிச் சாவி போட்டுக்கொள்ளும். முதல் சர்வர் தந்த பக்கத்தை இரண்டாவது வாங்கும்போது 'வியூஸ்டேட் மேக் ஃபெயில்டு' (சரிபார்ப்பு தவறியது) என்ற பிழை வரும், லாகினும் கழன்றுபோகும். டிக்கை எடுத்து, 'ஜெனரேட் கீஸ்' அழுத்தி, 'அப்ளை' கொடுத்து, அதே சாவிகளை மற்ற சர்வரிலும் ஒட்டுங்கள். வேலிடேஷன் முறை எச்எம்ஏசி-எஸ்எச்ஏ256, என்கிரிப்ஷன் முறை ஏஇஎஸ் என்று வையுங்கள். பலவீனமான பழைய முறை எம்டி5-ஐ இன்னும் பட்டியலில் வைத்திருப்பதற்கு என்ன நியாயமோ! வேலிடேஷன் கீ 128 ஹெக்ஸ் எழுத்து (0-9, A-F; ஒன்றுக்கு 4 பிட்) இருக்கட்டும். டிகிரிப்ஷன் கீயை எண்ணிப் பாருங்கள்: 48 என்றால் 192 பிட், 64 என்றால்தான் 256. இரண்டு ஆப்புக்கு ஒரே லாகின் குக்கி வேண்டுமென்றால், ஆப்புக்கு ஆப் தனிச்சாவி கேட்கும் டிக்கையும் எடுக்க வேண்டும்.

பெரிய குறை, சாவியை ஆப்பின் அமைப்புக் கோப்பான வெப்.கான்ஃபிக்கில் அப்பட்டமாக எழுதிவிடுகிறது. அந்தக் கோப்பு கிட் (Git) கோட் களஞ்சியத்துக்கோ வாட்ஸ்அப்புக்கோ போனால் கதை முடிந்தது. சாவி தெரிந்தவர் போலி வியூஸ்டேட் அனுப்பி சர்வரிலேயே தன் புரோகிராமை ஓட்டலாம். இணையத்தில் கிடக்கும் மாதிரிச் சாவியை எடுத்து ஒட்டுவதும் அதே ஆபத்துதான்: அப்படி வெளியில் கிடப்பவை 3,000-க்கு மேல் என்று 2025 பிப்ரவரியில் மைக்ரோசாஃப்டே எச்சரித்தது. ஏஎஸ்பிநெட்_ரெக்ஐஐஎஸ் (aspnet_regiis) என்ற கட்டளைக் கருவியால் அந்தப் பகுதியை என்கிரிப்ட் செய்யலாம்; இந்தப் பக்கத்தில் அதற்குப் பட்டன் இல்லை.

சாவி மாற்றுவதும் சிரமம். பழையதையும் புதியதையும் கொஞ்ச நாள் சேர்த்து வைக்க வழியில்லை. மாற்றிய நொடியில் எல்லோரும் வெளியேறுவார்கள். கடை சாத்திய பிறகு செய்யுங்கள். இதன் புதிய வாரிசான ஏஎஸ்பி.நெட் கோரில் வழக்கமாக 90 நாளுக்கு ஒருமுறை சாவி தானாக மாறும், பழையதும் செல்லும். புதிதாக எழுதுபவர்கள் அங்கேயே போய்விடலாம்.