முதுகுப் பிடியா, குதிகால் முறுக்கா: முதலில் எதில் தேர்ச்சி பெறுவது?

தரையில் மல்லுக்கட்டும் தற்காப்புக் கலையான பிரேசிலிய ஜியு-ஜிட்சுவின் அடிப்படைகளைக் கடந்து, எதிராளியைப் பணியவைக்கும் பிடியான சப்மிஷன் ஒன்றையாவது ஆழமாகக் கைவசப்படுத்த வேண்டும் என்று நினைப்பவர்கள் முன்னால் இன்று பெரும்பாலும் இரண்டு வழிகள் நிற்கின்றன: எதிராளியின் முதுகில் அமர்ந்து கழுத்தை நெரிக்கும் ரியர் நேக்கட் சோக், காலைச் சிறைப்படுத்தி முறுக்கும் ஹீல் ஹூக். இரண்டுக்கும் ‘கி’ எனும் தடித்த பயிற்சி உடையைப் பற்ற வேண்டிய தேவை இல்லை. இரண்டும் தம்மைவிடப் பெரிய உடலையும் பணியவைக்கும்.

ரியர் நேக்கட் சோக் மூச்சை அடைத்து வெல்லும் பிடி என்று பலர் எண்ணுகிறார்கள். உண்மையில், சரியாகப் போடப்பட்ட பிடியில் மூச்சுக்குழாய் முழங்கை மடிப்புக்குள் பெரிதும் நசுங்காமல் இருக்க, மேற்கையும் முன்கையும் கழுத்தின் இருபுறமும் ஓடும் கரோடிட் தமனிகளை அழுத்துகின்றன. டேப் செய்யாதவர், அதாவது கையால் தட்டித் தோல்வியை ஒப்புக்கொள்ளாதவர், சில விநாடிகளில் நினைவிழக்கிறார். 1993ஆம் ஆண்டு டென்வரில் நடந்த முதல் யுஎஃப்சி கலப்புத் தற்காப்புக் கலைப் போட்டியின் இறுதிச் சுற்றில் ராய்ஸ் கிரேசி இந்தப் பிடியால்தான் ஜெரார்ட் கோர்டோவை வென்றார். ஆனால் இதன் வலிமை கையில் மட்டும் இல்லை. நெஞ்சை எதிராளியின் முதுகோடு ஒட்டவைத்து, கால்களால் இடுப்பைப் பிணைத்து, அவர் தற்காப்புக்கு உயர்த்தும் கைகளை ஒவ்வொன்றாக விலக்கும் பொறுமைதான் இதன் உயிர். நெரிப்பு கைகூடாவிட்டாலும் முதுகு நம்மிடமே இருக்கிறது. பிரேசிலிய ஜியு-ஜிட்சு போட்டிகளை நடத்தும் சர்வதேச அமைப்பான ஐபிஜேஜேஎஃப்-இன் விதிகளில் அந்த நிலைக்கு 4 புள்ளிகளும் உண்டு.

ஹீல் ஹூக்கின் இயல்பு வேறு. பிடிப்பது குதிகாலை, அடி விழுவதோ முழங்காலில். எதிராளியின் கால்விரல்களை அக்குளில் அடக்கி, முன்கையால் குதிகாலைக் கொக்கிபோல் வாங்கி, உடலைத் திருப்பும்போது, தொடை நம் கால்களுக்குள் அசையாமல் பூட்டப்பட்டிருப்பதால், முறுக்கு முழுவதும் முழங்கால் தசைநார்கள் மீது இறங்குகிறது. எதிராளி மேலே இருந்தாலும் கீழே இருந்தாலும் காலுக்குள் நுழைய வழி கிடைக்கிறது என்பது இதன் பெரிய அனுகூலம். நெடுங்காலம் ஓரங்கட்டப்பட்டிருந்த கால் பூட்டுகளை, நியூயார்க்கில் பயிற்சியாளர் ஜான் டனஹரின் மாணவர்களான எடி கம்மிங்ஸ், கேரி டோனன், கோர்டன் ரையன் ஆகியோர் முறையான கல்வியாகவே மாற்றிக் காட்டினார்கள். பிடி நழுவினால் விலை அதிகம்: எதிராளி எழுந்து நம் மேல் வந்துவிடுகிறார்.

இரண்டையும் பிரிக்கும் உண்மையான கோடு பயிற்சிக் கூடத்தில்தான் தெரிகிறது. கழுத்துப் பிடியில் அழுத்தம் கூடுவதைப் பிடிபட்டவர் உணர்கிறார். உரிய நேரத்தில் டேப் செய்கிறார். பிடி தளர்ந்ததும் மறுசுற்றுக்குத் தயாராகிறார். ஆகவே கூட்டாளி முழு எதிர்ப்புக் காட்ட, பிடியை இறுதிவரை கொண்டுசென்று பழக முடிகிறது. ஹீல் ஹூக்கில் வலி தாமதமாகவே எச்சரிக்கிறது. வலி தெரியும் வேளையில் தசைநார் கிழிந்திருக்கலாம், அதன் பிறகு அறுவை சிகிச்சையும் பல மாத ஓய்வும்தான். இந்த ஆபத்தைக் கருதியே ஐபிஜேஜேஎஃப் 2021 முதல் நோ-கி (கி அணியாத) பிரிவில், வயதுவந்த பிரவுன், பிளாக் பெல்ட் எனும் உயர்நிலை வீரர்களுக்கு மட்டும் இதை அனுமதித்தது. கி அணிந்த போட்டிகளில் தடை நீடிக்கிறது. கி அணியாமல் மோதும் உயர்மட்டப் போட்டியான ஏடிசிசியை இலக்காகக் கொண்டவருக்கோ, ஹீல் ஹூக் தெரியாமல் களமிறங்குவது தற்காப்பு இல்லாமல் இறங்குவதற்குச் சமம்.

லாஸ் வேகாஸில் நடந்த 2022 ஏடிசிசி போட்டியில் கோர்டன் ரையன், நிக்கி ரோட்ரிகஸை ஹீல் ஹூக்காலும் ஆந்த்ரே கல்வாவோவை ரியர் நேக்கட் சோக்காலும் பணியவைத்தார். ஆகவே உச்சத்தில் இருப்பவருக்கு இரண்டும் வேண்டும். வளரும் மாணவருக்கு எது முதலில் என்று கேட்டால், தயக்கமின்றி முதுகுப் பிடியையே சொல்வேன். எதிராளியின் அசைவைப் பின்தொடரவும், நிலையை இழக்காமல் தாக்கவும் அது கற்றுத்தருகிறது. அந்தப் பழக்கம் இல்லாதவர் ஹீல் ஹூக்கில் பூட்டை விட்டுவிட்டுக் குதிகாலை மட்டும் துரத்துகிறார், கூட்டாளியின் முழங்கால்தான் அதற்குப் பலியாகிறது.

இருந்தாலும் கால் பூட்டுகளை முற்றிலும் ஒத்திப்போட வேண்டியதில்லை. குதிகாலைத் தொடாமல், தொடையைப் பூட்டி எதிராளி எழாதபடி நிறுத்துவதையும், அதே பூட்டிலிருந்து தப்புவதையும் பயிற்சியாளரின் கண்காணிப்பில் தொடக்கத்திலிருந்தே பழகலாம். குதிகால் கைக்குள் வந்த நொடியிலேயே முறுக்காமல் நிறுத்தவும், பிடிபட்டவர் கௌரவம் பாராமல் உடனே டேப் செய்யவும் இருவரும் முன்கூட்டியே உடன்பட்டிருக்க வேண்டும்.