சுவாலைக்கு ஓர் எண், சக்கைப் போருக்கு ஓர் எண்

வெப்பநிலை சற்றே இறங்கினால் எரிதல் எவ்வளவு சுணங்கும்? இதை அளக்கப் பரிமாணமற்ற எண்கள் இரண்டு உண்டு: அர்ரீனியஸ் எண், செல்டோவிச் எண். சுவாலை என்று வந்துவிட்டால் என் ஓட்டு இரண்டாவதற்குத்தான்.

அர்ரீனியஸ் எண்ணுக்கு உழைப்பு குறைவு. கிளர்வு ஆற்றலை, அதாவது வினை நடக்கத் தாண்டவேண்டிய ஆற்றல் தடையை, வாயு மாறிலியையும் வெப்பநிலையையும் பெருக்கி வருவதால் வகுத்தால் முடிந்தது. கிளர்வு ஆற்றல் மோலுக்கு 200 கிலோஜூல் என்று வைத்துக்கொள்வோம். சுவாலையின் 2,200 கெல்வினில் 10.9 வரும், அறையின் 300 கெல்வினில் 80 வரும். எந்த வெப்பநிலையை எடுப்பது என்பது நம் பாடு.

செல்டோவிச் எண் அந்த 10.9-ஐ இன்னொரு பின்னத்தால் பெருக்குகிறது: வெப்பநிலை ஏறிய அளவை எரிந்த வாயுவின் வெப்பநிலையால் வகுத்தது. 300-இலிருந்து 2,200-க்கு ஏறினால் 9.4. கலவையை முன்பே 800-க்குச் சூடாக்கி, முடிவு அதே 2,200 என்றால் 7. அர்ரீனியஸ் எண்ணோ அசையாமல் 10.9-இலேயே நிற்கும். வாயு எங்கிருந்து கிளம்பியது என்பது அதற்குத் தெரியாது.

ஏறிய 1,900-ஐ 9.4-ஆல் வகுத்தால் சுமார் 200 கெல்வின். சுவாலை அவ்வளவு குளிர்ந்தாலே வினைவேகம் மூன்றில் ஒரு பங்காகிவிடும். டீக்கடை கேஸ் அடுப்பின் உள்கூம்பைக் குனிந்து பாருங்கள். நீலம் கோடு கிழித்ததுபோல் இருக்கும். சுவாலையின் தடிமனில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கில்தான் வினை நடக்கிறது. சோவியத் விஞ்ஞானிகள் செல்டோவிச்சும் ஃபிராங்க்-கமெனெட்ஸ்கியும் 1938-இல் சுவாலை வேகத்தைக் கணக்கிட்டது இந்த மெலிவை நம்பித்தான்.

டாம்கோலர் எண்ணையும் சிலர் இந்தப் போட்டியில் இழுப்பார்கள். அது ஓட்டத்தின் நேரத்தை வினையின் நேரத்தோடு ஒப்பிடுவது, கேள்வியே வேறு.

கவுந்தப்பாடிப் பக்கம் வெல்லம் காய்ச்சும் ஆலைக்கொட்டகைக்குப் போனால் என் ஓட்டு மாறும். கொப்பரைக்குக் கீழே எரியும் கரும்புச் சக்கை காற்றோடு முன்கூட்டிக் கலந்த எரிபொருள் அல்ல. கேஸ் அடுப்புக் கணக்கை அங்கே அப்படியே வைக்க முடியாது. வெளியே குவித்த சக்கைப் போரில் சுவாலையே இல்லை. உள்ளே கையை விட்டால் வெதுவெதுப்பு மட்டும். எரிந்த வாயுவின் வெப்பநிலை இல்லாத இடத்தில் செல்டோவிச் எண்ணுக்கு என்ன வேலை? சுற்றுப்புற வெப்பநிலையில் கணக்கிட்ட அர்ரீனியஸ் எண்ணே அங்கே உதவும். தானாகப் பற்றுவதற்கான ஃபிராங்க்-கமெனெட்ஸ்கி கணக்கில் அதோடு போரின் பருமனும் சேரும். பருமன் கூடக்கூட உள்சூடு வெளியேற வழி குறையும். ஈரச் சக்கையின் முதல் சூடு நுண்ணுயிர்கள் கிளப்புவது. அது இரண்டு எண்ணிலும் அடங்காது.